சாவா மூவாப் பேராடு: பெயர்ப்பட்டியலின் அதிகாரம் குறித்துச் சில குறிப்புகள்

1

அப்பா இறந்தது 2019 ஐப்பசியில். அவருடைய செல்போன் இன்னும் என்னிடம்தான் இருக்கிறது. காரியத்துக்கு முந்தின நாள், வீடு நிறைய சனம் இருக்கும்போது அது அடித்தது. மறுமுனையில் ஒரு பெண். அப்பாவின் பெயரை அவள் சொல்லவில்லை. அப்பாவுடைய அப்பா பெயருக்கு முன்னால் 'மிஸ்டர்' போட்டு, "இருக்காருங்களா சார்?" என்றாள். தாத்தா செத்து ஐம்பது வருஷத்துக்குப் பக்கம் ஆகிறது. யாரைக் கேட்கிறாள் என்று புரிய எனக்குக் கொஞ்ச நேரம் பிடித்தது. எப்போதோ தவணையில் மொபெட் வாங்கி, ஒரு தவணைகூடத் தவறாமல் கட்டி முடித்தவர் அப்பா. அதனால் அவருக்குப் புதுக் கடன் தரக் கம்பெனி தயாராக இருக்கிறது என்று சொல்லத்தான் கூப்பிட்டிருக்கிறாள். "அவரு தவறிட்டாரும்மா" என்றேன். "சாரி சார், சிஸ்டத்துல மாத்திடறேன் சார்" என்றாள். குரலில் நிஜமாகவே வருத்தம் இருந்தது.

அடுத்த மாதம் இன்னொரு குரல், அதே 'மிஸ்டர்'. அதற்கடுத்தும் கூப்பிட்டார்கள். இன்று வரை கூப்பிடுகிறார்கள்.

அந்தப் பெண் பொய் சொன்னாள் என்று நான் நினைக்கவில்லை. அவள் எந்தப் பொத்தானை அழுத்தியிருப்பாள் என்று எனக்குத் தெரியும். 2004 முதல் 2007 வரை சென்னையில் ஒரு கால்சென்டரில் அந்த நாற்காலியில் நானும் உட்கார்ந்திருந்தேன். பெயரை அங்கிருந்தும் பார்த்திருக்கிறேன், இங்கிருந்தும் பார்க்கிறேன். இந்தக் கட்டுரையை எழுத எனக்கிருக்கும் தகுதி அவ்வளவுதான்.

கால்சென்டர் என்றதும் நம் நண்பர்கள் இரவுப்பணி, கூலிச்சுரண்டல், ஆங்கில உச்சரிப்பு, கலாச்சாரச் சீரழிவு என்று பேசுவார்கள். அவையெல்லாம் பேசப்பட வேண்டியவையே. ஆனால் அந்தத் தொழிற்சாலையின் கச்சாப்பொருள் எதுவென்று நாம் அதிகம் கேட்டதில்லை. பஞ்சாலைக்குப் பஞ்சு, எங்கள் பக்கத்துச் சிமெண்ட் ஆலைக்குச் சுண்ணாம்புக்கல். கால்சென்டருக்குப் பெயர்ப்பட்டியல்தான் அது. அதைத் தொகுக்க, பிரிக்க, யாரை எப்போது கூப்பிடுவது என்று முடிவுசெய்ய உருவான மென்பொருளைத் 'தொடர்பு மேலாண்மை' என்கிறார்கள். தொழிலில் இருப்பவர்கள் வாயில் அது சி.ஆர்.எம். இந்தப் பட்டியலுக்கு ஒரு வரலாறு உண்டு. அது கணினியில் தொடங்கவில்லை.

2

கீழப்பழுவூர், அரியலூரிலிருந்து தஞ்சாவூர் போகும் சாலையில் இருக்கிறது. 'பழு' என்றால் ஆலமரம். இங்குள்ள சிவன் கோயிலின் பெயரும் ஆலந்துறை. பழுவேட்டரையர்கள் என்றால் தமிழ்நாட்டில் பலருக்கும் கல்கியின் நாவல்தான் நினைவுக்கு வரும். எங்களுக்கு அவர்கள், பக்கத்து மேலப்பழுவூர், கீழையூர் கோயில்களின் சுவரில் இருக்கும் பெயர்கள். அந்தச் சுவர்களில் பேரரசின் பெருமையைத் தேடுகிறவர்கள் தேடட்டும். நான் தேடுவது கணக்கை.

சோழர் காலக் கல்வெட்டுகளில் திரும்பத் திரும்ப வருவது விளக்குக்கொடை. கோயிலில் அணையா விளக்கு எரியவேண்டும் என்று ஒருவர் ஆடுகள் கொடுப்பார். பெரும்பாலும் 90 அல்லது 96. அவற்றை ஓர் இடையர் ஏற்று, நாள்தோறும் உழக்கு நெய் அளக்கவேண்டும். தஞ்சைப் பெரிய கோயிலில் ஒரு விளக்குக்கு ஆடு என்றால் 96, பசு என்றால் 48, எருமை என்றால் 16 என்று விகிதமே வகுத்திருந்தார்கள். இந்த ஆடுகளுக்குக் கல்வெட்டு மொழியில் ஒரு பெயர் உண்டு: 'சாவா மூவாப் பேராடு'. சாகாத, கிழடாகாத ஆடு.

ஆடு சாகாமல் இருக்குமா? சாகும், கிழடாகும், நரி தூக்கிக்கொண்டு போகும். எண்ணிக்கைதான் சாகக்கூடாது. செத்த ஆட்டுக்குப் பதில் குட்டியை எண்ணிக்கையில் சேர்த்துக்கொள்ள வேண்டியது இடையர் பாடு. கல்லில் 96 என்றிருந்தால் 96க்கு உரிய நெய் வந்தாகவேண்டும். அதாவது உயிர் வேறு, பதிவு வேறு. உயிரைப் பதிவுக்கு இணங்க நடத்தவேண்டிய பொறுப்போ பட்டியலில் எழுதப்பட்டவன் தலையில் விழுகிறது. பட்டியலை வைத்திருப்பவனுக்கு அதில் சங்கடமேதுமில்லை.

மனிதர்களுக்கும் இதே கணக்கு இருந்தது. முதலாம் இராஜராஜனின் 29ஆம் ஆட்சியாண்டுக் கல்வெட்டு ஒன்று தஞ்சைக் கோயில் சுற்றுச்சுவரில் இருக்கிறது. பல ஊர்க் கோயில்களிலிருந்து கொண்டுவந்து தஞ்சையில் குடியமர்த்தப்பட்ட 400 தளிச்சேரிப் பெண்களின் பட்டியல் அது. ஒவ்வொருத்திக்கும் எந்தத் தெரு, தெருவின் எந்தச் சிறகு, தலைவீடா, இரண்டாம் வீடா, மூன்றாம் வீடா, பெயர் என்ன, எந்த ஊர்க் கோயிலிலிருந்து வந்தவள் என்று வரிசையாக வெட்டியிருக்கிறார்கள். பங்கு ஒன்றுக்கு ஆண்டுக்கு 100 கலம் நெல். இன்றைய மென்பொருளில் பெயர், முகவரி, மூலம், மதிப்பு என்று நான்கு பத்திகள் இருக்கின்றன அல்லவா, அவை நான்கும் ஆயிரம் வருஷத்துக்கு முன்பே கல்லில் இருக்கின்றன.

கவனிக்கத்தக்கவை இரண்டு. ஒன்று, அந்தப் பெண்கள் அத்தனை பேர் பெயருக்கும் முன்னால் 'நக்கன்' என்ற அடைமொழி இருக்கிறது. நக்கன் என்பது சிவன் பெயர். ஊரால், உறவால், நிறத்தால் வெவ்வேறானவர்களாக இருந்திருக்கக்கூடிய நானூறு பேரும் ஒரே உடைமையாளன் பெயரால் முன்னெழுத்துப் பெறுகிறார்கள். இரண்டு, அவர்களில் ஒருத்தி இறந்தாலோ ஊரைவிட்டுப் போனாலோ, அவளுக்கு அடுத்த உறவினர் அந்தப் பங்கைப் பெற்றுப் பணிசெய்யவேண்டும், உறவினருக்குத் தகுதியில்லை என்றால் தகுதியுள்ள வேறொருவரை அமர்த்தவேண்டும் என்று அதே கல்வெட்டு விதிக்கிறது. பெண் போவாள், வரிசை போகாது. நானூறும் சாவா மூவாப் பெண்கள்.

ஆனால் ஒரு வித்தியாசத்தை மறந்துவிடலாகாது. அந்தப் பட்டியல் சுவரில் இருந்தது. சுவரருகே வர அனுமதிக்கப்பட்டவர்கள், எழுத்தறிந்தவர்கள் என்ற இரண்டு வடிகட்டிகளைத் தாண்டியவர்களுக்கு மட்டுமே அது தெரிந்திருக்கும். எங்கள் ஆட்களை அந்தச் சுவருக்குப் பக்கத்தில் விட்டிருக்க மாட்டார்கள். என்றாலும் அது மறைத்துவைக்கப்பட்ட பட்டியல் அல்ல.

3

பட்டியல் சுவரிலிருந்து இறங்கி அலமாரிக்குள் போனது காலனிய ஆட்சியில். குற்றப்பழங்குடிச் சட்டம் 1871இல் வந்து, 1911இல் சென்னை மாகாணத்துக்கும் நீண்டது. எந்தத் தவறும் செய்யாதவர்கள், பிறப்பால் மட்டும், பெயரும் கைரேகையும் கொடுத்து இரவில் காவல் நிலையத்தில் ஆஜர் கொடுக்கவேண்டியிருந்தது. சென்னை மாகாணத்தில் 1947இல் அது ரத்தானது. ஆனால் பதிவேடு என்ற வடிவம் ரத்தாகவில்லை. நாம் இன்றும் வசவாகச் சொல்லும் 'கேடி' என்ற சொல், காவல் நிலையப் பதிவேட்டின் ஆங்கிலத் தலைப்பினுடைய இரண்டு முதலெழுத்துகள். பதிவேட்டுப் பத்தி ஒன்று ஒரு மனிதனின் குணமாகவே மாறிவிட்டதற்கு இதைவிட நல்ல சாட்சி தமிழில் இல்லை.

1975இல் வெளியான தண்டனை பற்றிய நூலில் மிஷேல் ஃபூக்கோ இதைத்தான் விவரிக்கிறார்: பழைய காலத்தில் எழுதப்படுவது அரசனுக்கும் வீரனுக்கும் கிடைத்த சலுகை, நவீன காலத்திலோ எழுதப்படுவது பிடிபடுவது. நோயாளி, மாணவன், கைதி ஒவ்வொருவரும் ஒரு கோப்பாக, ஒரு 'கேஸ்' ஆக ஆகிறார்கள்.

இதற்கு எதிர்ப்புறத்தில், யாரும் வரலாறாக எண்ணாத இரண்டு பட்டியல்கள் எங்கள் ஊரில் இருந்தன.

முதலாவது மொய் நோட்டு. கல்யாணம், காதுகுத்து, சடங்கு எதுவானாலும் பந்தல் வாசலில் ஒருவர் நோட்டோடு உட்கார்ந்திருப்பார். ஊர், பெயர், அப்பா பெயர், தொகை. அடுத்த விசேஷத்துக்குப் போகுமுன் அந்த நோட்டைப் புரட்டி, 'அவங்க நமக்கு என்ன எழுதுனாங்க' என்று பார்த்துக் கொஞ்சம் கூட்டித் திருப்பி எழுதவேண்டும். தனிமனிதருக்கான தொடர்பு மேலாண்மை என்று ஒன்று தமிழகத்தில் உண்டென்றால் அது இதுதான். இதன் விசேஷம், என் நோட்டில் நீ இருக்கிறாய், உன் நோட்டில் நான் இருக்கிறேன். ஒரே உறவுக்கு இரண்டு பிரதி, இரண்டு வீட்டில். ஒருவன் திருத்தினால் மற்றவன் நோட்டு காட்டிக்கொடுத்துவிடும். இதை நான் புனிதப்படுத்தவில்லை. மொய்க்கடனில் மூழ்கிய குடும்பங்கள் உண்டு. ஒரு சாதிக்குள் சுற்றுகிற நோட்டு அது. ஊர்த்தெரு நோட்டில் காலனிப் பெயர் ஏறாது. ஏறினாலும் கடைசிப் பக்கத்தில், சோறு வேறு இடத்தில்.

இரண்டாவது பி.பி. நம்பர். செல்போன் வருமுன் விண்ணப்பங்களிலும் விசிட்டிங் கார்டுகளிலும் நம்பர் எழுதிப் பக்கத்தில் 'பி.பி.' என்று போடுவார்கள். போன் நம்முடையதல்ல, பக்கத்து வீட்டுக்காரருடையது, கூப்பிட்டுவிடுவார்கள் என்று அர்த்தம். எங்கள் குடும்பத்துக்கு ஊர்த்தெரு மளிகைக்கடை போன்தான் பி.பி. சென்னையிலிருந்து மாமா கூப்பிட்டால் கடைக்காரர் சைக்கிளில் பையனை அனுப்புவார். அம்மா ஓடுவாள். கடைக்குள் ஏறமாட்டாள். ரிசீவரின் சுருள் வயர் வாசல்வரை இழுபட, படிக்குக் கீழே நின்று பேசுவாள். தொடர்பு கிடைத்தது; நிற்கும் இடமும் அதோடு சேர்ந்தே கிடைத்தது. அதே சமயம், அந்தக் கடைக்காரருக்கு எங்கள் வீட்டில் யார் உயிரோடு இருக்கிறார்கள், யார் இல்லை என்று தெரியும். தாத்தாவைக் கேட்டு அவர் ஒருநாளும் பையனை அனுப்பியிருக்க மாட்டார்.

4

இனி மென்பொருள். அமெரிக்காவில் 1950களில் ரோலோடெக்ஸ் என்று ஒரு சாமான் வந்தது. சக்கரத்தில் கோத்த அட்டைகள், சுழற்றினால் பெயர் வரும். விற்பனையாளனின் மேசையில் அவனுடைய முதலே அதுதான். 1987இல் டல்லஸ் நகரில் பாட் சல்லிவன், மைக் மூனி என்ற இருவர் 'ஆக்ட்!' என்ற மென்பொருளைக் கொண்டுவந்தார்கள். அட்டைகள் கணினிக்குள் போயின. யாரோடு கடைசியாக எப்போது பேசினோம், என்ன பேசினோம், அடுத்து எப்போது பேசவேண்டும் என்று அது நினைவுபடுத்தியது. இதுவரை அது தனி விற்பனையாளனின் கருவிதான். நம் ஊர் எல்.ஐ.சி. ஏஜெண்டின் டைரி போல. அவன் வேலையை விட்டால் டைரியும் அவனோடு போகும், வாடிக்கையாளரும் போவார்கள்.

முதலாளிக்கு அதுதான் பிரச்சினை. ஹாரி பிரேவர்மன் 1974இல் எழுதிய நூலில், தொழிலாளியின் கையிலும் தலையிலும் இருக்கிற அறிவைப் பிரித்தெடுத்து நிர்வாகத்தின் சொத்தாக்குவதே நவீன நிர்வாகத்தின் சாரம் என்றார். லேத்துக்கு நடந்தது டைரிக்கும் நடந்தது. ஆரக்கிள் நிறுவனத்தில் இருந்த டாம் சீபெல் 1993இல் தொடங்கிய நிறுவனம் இதைப் பெரிய கம்பெனிகளுக்கு விற்றது. இப்போது உறவு விற்பனையாளனுடையது அல்ல, கம்பெனியுடையது. விற்பனையாளன் மாறலாம், பதிவு மாறாது. 1999இல் சேல்ஸ்ஃபோர்ஸ் வந்து, மென்பொருளை விற்காமல் இணையம் வழியாக மாத வாடகைக்கு விட்டது.

இதற்குப் பக்கவாட்டில் இன்னொரு கிளை. ஒரே நேரத்தில் வந்து குவியும் அழைப்புகளைக் காலியாக இருக்கும் ஆட்களுக்குப் பங்கிட்டுத் தரும் இயந்திரத்தை 1973இல் ராக்வெல் நிறுவனம் கான்டினென்டல் விமானக் கம்பெனிக்குச் செய்துகொடுத்தது. கால்சென்டர் என்று நாம் அறிகிற வடிவம் அதிலிருந்து வளர்ந்தது. பிறகு எதிர்த்திசையில், இயந்திரமே டயல் செய்யும் முறை வந்தது. ஓர் ஆள் சராசரி எத்தனை நொடி பேசுகிறான், பத்து நம்பரில் எத்தனை பேர் எடுக்கிறார்கள் என்று கணக்குப் போட்டு, இருக்கிற ஆட்களைவிட அதிக நம்பர்களை அது ஒரே நேரத்தில் அடிக்கும். இரண்டு பேர் சேர்ந்தாற்போல் எடுத்துவிட்டால் ஒருவருக்கு ஆள் இருக்காது. நீங்கள் 'ஹலோ ஹலோ' என்கிறீர்கள், மறுமுனையில் யாருமில்லை, வைத்துவிடுகிறது. பேய் அழைப்பு அல்ல. இயந்திரத்தின் கணக்கில் நீங்கள் உபரி.

இரண்டு கிளைகளும் சேர்ந்த இடத்தில் நான் உட்கார்ந்திருந்தேன். 1997இல் ஜி.இ. கேபிடல் குர்கானில் தொடங்கிய தொழில் சென்னைக்கும் வந்து, எங்களைப் போன்ற முதல் தலைமுறைப் பட்டதாரிகளுக்கும் கதவைக் கொஞ்சம் திறந்திருந்த காலம். அதை நான் மறுக்கமாட்டேன், அந்தச் சம்பளத்தில்தான் தங்கச்சி படித்தாள். எனக்கு ஒரு வெள்ளைக்காரப் பெயர் கொடுத்தார்கள். சொந்தப் பெயரைக் கேட்டுச் சாதி தேடும் நாட்டிலிருந்து வந்தவனுக்கு முதல் வாரம் அது விடுதலை போலத்தான் இருந்தது. காதில் 'டிங்' என்று ஒரு சத்தம். திரையில் ஒரு மனிதர் விரிவார்: பெயர், ஊர், பாக்கி, சென்ற முறை என்ன சொன்னார். அவருக்கு என்னைப் பற்றி ஒன்றும் தெரியாது, பெயர்கூடப் பொய். எனக்குப் பின்னால் மேற்பார்வையாளர் திரையில் நான் விரிந்திருப்பேன்: எத்தனை நொடி பேசினேன், எத்தனை நொடி மூத்திரத்துக்குப் போனேன். பார்க்கிறவன் பார்க்கப்படுகிறவனாகவும் இருக்கிற அடுக்கு அது.

பேசி முடித்ததும் ஒரு 'கோடு' போடவேண்டும். எடுக்கவில்லை, தவறான நம்பர், விருப்பமில்லை, பணம் கட்டுவதாகச் சொன்னார், பிறகு கூப்பிடவும் என்று ஒரு பட்டியல். அதில் 'இறந்துவிட்டார்' என்பதும் உண்டு. ஆனால் நாங்கள் வேலை பார்த்த இடத்தில் அதை அழுத்தினால் அடுத்து ஒரு பெட்டி திறக்கும்: ஆதாரம் என்ன, யார் சொன்னார்கள், சான்றிதழ் நகல் எங்கே? அதை நிரப்ப ஆகும் நிமிடங்கள் என் கணக்கில் சேரும். அடுத்த அழைப்பு தாமதமாகும். மாதக் கடைசியில் ஊக்கத்தொகை குறையும். ஆகவே நாங்கள் எல்லோரும் 'பிறகு கூப்பிடவும்' போட்டோம். எத்தனை செத்த வெள்ளைக்காரர்களை இப்படி உயிரோடு வைத்திருந்தேன் என்று எனக்குக் கணக்கில்லை. அப்பாவைக் கேட்டுக் கூப்பிட்ட அந்தப் பெண்மீது எனக்குக் கோபம் வராததற்குக் காரணம் இதுதான். அவளுடைய இரக்கத்துக்கு அந்தத் திரையில் பெட்டி இல்லை.

5

இந்த மென்பொருளெல்லாம் எங்கோ அமெரிக்காவில் செய்யப்படுவது என்று விட்டுவிட முடியாது. 1996இல் அட்வென்ட்நெட் என்ற பெயரில் தொடங்கி 2009இல் ஜோஹோ என்று பெயர் மாற்றிக்கொண்ட நிறுவனம், 2005இலேயே தன் சி.ஆர்.எம். மென்பொருளை வெளியிட்டது. சென்னைக்கு வெளியே ஜி.எஸ்.டி. சாலையில் அதன் வளாகம், 2011 முதல் தென்காசிப் பக்கம் மத்தளம்பாறையிலும் அலுவலகம். 2010இல் சென்னையில் தொடங்கிய ஃப்ரெஷ்டெஸ்க், வாடிக்கையாளர் புகார்களைக் கையாளும் மென்பொருள் செய்து, ஃப்ரெஷ்வொர்க்ஸ் என்ற பெயரில் 2021இல் அமெரிக்கப் பங்குச்சந்தை நாஸ்டாக்கில் ஏறியது. உலகின் பெயர்ப்பட்டியல்களைப் பராமரிக்கும் எந்திரத்தைத் தமிழ்ப் பிள்ளைகள் செய்கிறார்கள். பெருமைப்பட இதில் இடமிருக்கிறது. ஆனால் என் கேள்வி வேறு.

இப்போது ஊரில் பஸ் நிற்கும் இடத்தில் ஒரு ஜெராக்ஸ் கடை வைத்திருக்கிறேன். ஆன்லைன் விண்ணப்பங்களும் பூர்த்தி செய்து கொடுக்கிறேன். தினமும் ஒரு பத்துத் தடவை இந்தப் பேச்சு நடக்கிறது.

"லாஸ்ட் நேம் என்னக்கா போடட்டும்?"

"அப்படின்னா என்ன தம்பி?"

"கடைசிப் பேரு."

"எனக்கு இருக்கறதே ஒரு பேருதானே."

அந்தப் பெட்டிக்குப் பக்கத்தில் சிவப்பில் ஒரு நட்சத்திரம். நிரப்பாமல் விட்டால் அடுத்த பக்கம் திறக்காது. சேல்ஸ்ஃபோர்ஸிலும் தொடர்புப் பதிவுக்குக் கட்டாயமான பெயர்ப் பத்தி 'லாஸ்ட் நேம்'தான். தமிழ் மண்ணில் எழுதப்பட்ட ஜோஹோ சி.ஆர்.எம்.மிலும் இயல்பு அமைப்பு அதுவே. முதல் பெயர் காலியாக இருக்கலாம், குடும்பப் பெயர் இருந்தாகவேண்டும். மென்பொருளின் பார்வையில் மனிதன் முதலில் ஒரு பரம்பரை, பிறகுதான் ஆள்.

தமிழ்நாட்டில் இந்தப் பெட்டி ஏன் காலியாக இருக்கிறது? 1929 பிப்ரவரியில் செங்கல்பட்டில் நடந்த முதல் சுயமரியாதை மாகாண மாநாடு, பெயருக்குப் பின்னால் சாதிப் பட்டம் போடுவதை விட்டொழிக்கவேண்டும் என்று தீர்மானித்தது. மாநாட்டுத் தலைவர் டபிள்யூ.பி.ஏ. சௌந்தரபாண்டியன் தன் பட்டத்தை விட்டார். அடுத்த இரண்டு மூன்று தலைமுறைகளில் தமிழ்ப் பொதுவெளியில் பெயரின் வால் அறுந்தது. சாதி ஒழிந்துவிடவில்லை என்பது எங்களுக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் பெயரைக் கேட்ட மாத்திரத்தில் சாதி தெரிந்துவிடாத ஒரு சின்ன இடைவெளி கிடைத்தது. 'முழுப் பேரு என்ன?', 'அப்பா பேரு?', 'எந்தத் தெரு?' என்று மூன்று கேள்வி கேட்டாக வேண்டிய நிலைக்கு எதிராளியைத் தள்ளிய இடைவெளி. அந்தக் காலியிடம் தற்செயலானது அல்ல. போராடிக் காலிசெய்த இடம்.

அந்த இடத்தில்தான் இப்போது சிவப்பு நட்சத்திரம் உட்கார்ந்திருக்கிறது. நிரப்பு, இல்லையேல் நீ இல்லை. நாங்கள் அப்பா பெயரைப் போடுகிறோம், பெண்கள் புருஷன் பெயரைப் போடுகிறார்கள், சிலர் பழைய பட்டத்தையே மீண்டும் போடுகிறார்கள். மகன் பெயரில் அப்பன் அழைக்கப்படுகிறான், விதவையைச் செத்த புருஷன் பெயரில் 'மிஸஸ்' போட்டுக் கூப்பிடுகிறார்கள். என் தாத்தா மொபெட் கடனாளியானது இப்படித்தான். தஞ்சையில் நானூறு பேருக்கு முன்னால் நக்கன் நின்றதை நினைத்துக்கொள்கிறேன்.

ஊருக்கும் இதே கதி. 'ழ' ஆங்கிலத்தில் எப்படியும் எழுதப்படலாம் என்பதால் கீழப்பழுவூர் ஒரு பட்டியலில் கீலப்பலூர், இன்னொன்றில் கிழப்பழுவூர். மாவட்டமோ 1995 வரை திருச்சி, பிறகு பெரம்பலூர், 2001இல் அரியலூர், 2002இல் மறுபடி பெரம்பலூர், 2007 நவம்பரிலிருந்து மறுபடி அரியலூர். மென்பொருளுக்கு இவை வெவ்வேறு ஊர்கள். ஒரே மனிதனை மூன்று ஆளாக எண்ணும். ஒரு பதிவில் 'கூப்பிடாதே' என்று போட்டாலும் மற்ற இரண்டும் கூப்பிட்டுக்கொண்டிருக்கும். ழீல் டெல்யூஸ் 1990இல் எழுதிய சிறு கட்டுரை ஒன்றில், கட்டுப்பாட்டுச் சமூகத்தில் தனிமனிதன் துண்டுபடத்தக்கவனாகிறான் என்றார். எங்கள் ஊரில் அதற்குத் தத்துவம் தேவைப்படவில்லை, எழுத்துப்பிழையே போதுமாயிருந்தது.

6

சட்டம் சும்மா இருக்கவில்லை. 2007இல் 'கூப்பிடாதே' பதிவேடு வந்தது, 1909 என்ற எண் வந்தது. கடன் வசூலுக்குக் காலை 8 மணிக்கு முன்னும் இரவு 7 மணிக்குப் பின்னும் கூப்பிடக்கூடாது என்று 2022 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி சொன்னது. கடன் கொடுக்கும் செயலிகள் போனில் உள்ள தொடர்புப் பட்டியலைத் தொடக்கூடாது என்று அடுத்த மாதமே சொன்னது. இந்த இரண்டாவது தடையின் பின்னணி முக்கியமானது. ஐயாயிரம் கடன் வாங்கியவரின் போனிலிருந்து மாமன், மச்சான், வாத்தியார், கூட வேலை பார்ப்பவர் எல்லா நம்பரையும் உருவிக்கொண்டு, ஒவ்வொருவரையும் கூப்பிட்டு அவமானப்படுத்திய காலம் அது. தனிமனிதனின் நோட்டும் கால்சென்டரின் பட்டியலும் அதோடு ஒன்றாகிவிட்டன. மொய் நோட்டைத் திருடி அதில் உள்ளவர்களிடமே வசூலுக்குப் போவதற்குச் சமம்.

2023இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், நம்மைப் பற்றி என்ன வைத்திருக்கிறார்கள் என்று கேட்கவும், திருத்தவும், அழிக்கச் சொல்லவும், நாம் இறந்தபின் இவற்றைக் கேட்க ஒருவரை நியமிக்கவும் உரிமை தருகிறது. விதிகள் 2025 நவம்பரில் வெளியாயின. ஆனால் நிறுவனங்களின் முக்கியக் கடமைகளுக்கு 18 மாத அவகாசம். அதே சட்டத்தின் மூலம் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தில் செய்த வெட்டு மட்டும் அவகாசமின்றி உடனே நடைமுறைக்கு வந்துவிட்டது. தனிநபர் தகவல் என்று சொல்லிவிட்டால் போதும், பொதுநலன் கருதி அதை வெளியிடலாம் என்று அந்தப் பிரிவிலேயே இருந்த வாசல் போய்விட்டது. ரேஷன் பட்டியலையும் நூறுநாள் வேலைப் பட்டியலையும் கேட்டுப் படித்துக் களவைப் பிடித்த கிராமத்து ஆட்களுக்கு இதன் அர்த்தம் புரியும். கம்பெனி நம்மைப் படிப்பதை நிறுத்தக் காத்திருக்கவேண்டும். நாம் அரசைப் படிப்பது உடனே நிற்கவேண்டும். பட்டியலை யார் வைத்திருக்கலாம் என்பதில் அல்ல, யார் படிக்கலாம் என்பதில்தான் அதிகாரம் இருக்கிறது.

கடைசியாக நம்மைப் பற்றி. எண்பதுகளின் இறுதியில் சிறுபத்திரிகை நடத்திய நண்பர் ஒருவரிடம் ஒரு நீளமான நோட்டு இருந்தது. சந்தாதாரர் முகவரிகள், யார் பணம் அனுப்பினார், யார் கட்டுரை தருகிறேன் என்று ஏமாற்றினார், யார் எந்த அமைப்பில் இருந்து எதில் பிளந்து போனார் எல்லாம் அதில் சின்னச் சின்னக் குறிப்புகளாக இருந்தன. ஒருநாள் விடியற்காலையில் வீட்டைச் சோதனை போட வந்தவர்கள் அலமாரி நிறைய இருந்த மார்க்ஸையும் லெனினையும் தொடவே இல்லை. அந்த நோட்டை மட்டும் எடுத்துக்கொண்டு போனார்கள். எது முக்கியமான பிரதி என்று அவர்களுக்குத் தெரிந்திருந்தது. அதில் இருந்த நாங்கள் யாரும் அந்தக் குறிப்புகளை அதற்குமுன் பார்த்ததில்லை. விசாரணைக்குக் கூப்பிட்டபோதுதான், நண்பர் எங்களைப் பற்றி என்ன எழுதிவைத்திருந்தார் என்பதே தெரிந்தது. சிலருக்கு அது போலீஸ் அடியைவிட வலித்தது.

இன்று ஒவ்வொரு அமைப்பும் வாட்ஸப் குழுவும் எக்செல் பட்டியலும் வைத்திருக்கிறது. போராட்டத்துக்கு வந்தவர், கையெழுத்துப் போட்டவர், நிதி தந்தவர், 'ஆக்டிவ்', 'டல்' என்று பத்தி பிரித்திருக்கிறார்கள். ஆக்ட்! மென்பொருளின் திரையை அப்படியே நாமும் நம் தோழர்கள் மேல் விரித்திருக்கிறோம். எங்கள் பகுதித் தோழர்களிடம் நான் வைத்த யோசனை எளிமையானது. பட்டியலில் உள்ள யாரும், எப்போதும், தன் வரியைக் கேட்டுப் பார்க்கலாம். தன்னைப் பற்றிய குறிப்பைத் தானே அடிக்கலாம். சாதிப் பத்தி கிடையாது, கடைசிப் பெயர் கிடையாது. வருஷத்துக்கு ஒருமுறை மொத்தப் பட்டியலையும் எரித்துவிட்டு, வேண்டியவர்களை மறுபடி நேரில் போய்க் கேட்டு எழுதவேண்டும். 'வேலைக்கு ஆகாது தோழர், டைம் ஏது?' என்றார்கள். நேரமில்லை என்ற அந்தப் பதிலை நான் முன்பே கேட்டிருக்கிறேன். கால்சென்டரில் 'இறந்துவிட்டார்' என்ற பெட்டியை நாங்கள் தவிர்த்ததும் அதே காரணத்தால்தான்.

அப்பாவின் சிம்மை விட்டுவிடச் சொல்கிறாள் அம்மா. மாதாமாதம் ரீசார்ஜ் தண்டச்செலவு என்கிறாள். விட்டால் தொண்ணூறு நாள் கழித்து அந்த நம்பரை வேறு யாருக்காவது கொடுத்துவிடலாம். எந்த ஊரோ, எந்தச் சாதியோ, சிம் வாங்கிய முதல் வாரமே என் தாத்தா பெயரைச் சொல்லி ஒரு குரல் அவரைக் கேட்கும். அந்த ஆளிடம் போய்ச் சேரட்டும் என்று விட்டுவிட எனக்கு இன்னும் மனசு வரவில்லை. நேற்றும் போன் அடித்தது. எடுத்து, "ஒரு நிமிசம் தம்பி, உங்க திரையில என்ன எழுதியிருக்குன்னு எனக்கு வாசிச்சுக் காட்டுறீங்களா?" என்று கேட்டேன். மறுமுனையில் கொஞ்ச நேரம் சத்தமில்லை. பிறகு அந்தப் பையன் தணிந்த குரலில் வாசிக்க ஆரம்பித்தான்.